ஒரே கம்பிக் கேடயம்

கடலுக்கு அந்தாண்ட, வருஷம் பூரா தூறிக்கிட்டே இருக்கிற ஒரு தீவுல, ஏரிக்கரையில ஒரு ஊர். அந்த ஊர்ல ஒரு பட்டறைக்காரி இருந்தா. பேரு டெர்வலா. ம் சொல்லு. ம்? சரி.

அந்தத் தீவுல ரொம்ப ரொம்பக் காலத்துக்கு முன்னாடி கெல்ட்டுன்னு ஒரு ஜனம். வாளா இருக்கட்டும், வாளியா இருக்கட்டும், ஒரு சுருளோ ஒரு கொடியோ ஒரு சிக்கோ போடாம அவங்களுக்கு ஆகாது. அதைப் போட்டுக் குடுக்கிறதுதான் டெர்வலாவுக்கு வேலை. வெண்கலத்தைத் தட்டுவா, டங் டங். வெள்ளியை இழுத்துக் கம்பி ஆக்குவா, சர்ர்ர். அவ மாமியார் மூர்னே துருத்தி ஊதுவா, புஸ் புஸ்.

அப்போ மலை ஊருக்கும் ஏரி ஊருக்கும் மாட்டுக்காகச் சண்டை வந்துச்சு. இவங்க மாட்டை அவங்க ஓட்டிக்கிட்டுப் போக, அவங்க மாட்டை இவங்க ஓட்டிக்கிட்டு வர, கடைசியில மலை ஊர் ஜெயிச்சிருச்சு. மலைத் தலைவன் லோர்கன், டெர்வலாவோட புருஷன் கோனலைப் பிணையாப் பிடிச்சுக்கிட்டுப் போய்க் கோட்டையில கட்டிப் போட்டுட்டான்.

அப்புறம் டக்கடக் டக்கடக்குன்னு குதிரையில பட்டறைக்கே வந்தான். "ஒன்பதாம் நாள் ரெண்டு ஊரும் கூடிச் சமாதானம் பேசறோம். நடுவுல வைக்க ஒரு கேடயம் வேணும். மூணு நாளைக்கு ஒண்ணா, மூணு வேலை சொல்வேன். ஒண்ணு தப்பினாலும் சமாதானம் இல்ல. உன் புருஷன் தலை என் வாசக் கம்பத்துல."

அந்த ஊர் வழக்கம் அப்படி, தலையைத்தான் மாட்டுவாங்க. பயப்படாத, இன்னும் மாட்டலை.

"முதல் வேலை. கேடயத்து நடுவுல ஒரு சித்திரம் வேணும். நான் இந்தப் பக்கம் உட்காருவேன், ஏரித் தலைவன் எதிர்ப் பக்கம் உட்காருவான். ரெண்டு பேருக்கும் அது தலைகீழாத் தெரியக் கூடாது."

டெர்வலா ரெண்டு சுருள் போட்டுப் பார்த்தா. அது ரெண்டு கிடா மோதிக்கிற மாதிரி முறைச்சுக்கிட்டு நின்னுச்சு.

"அடியே, ரெண்டு பேரை மட்டும் விட்டா அடிச்சுக்கத்தான் செய்வாங்க. விலக்கி விட மூணாவதா ஒரு ஆளைப் போடு"ன்னா மூர்னே.

அப்போ மூணு சுருள் போட்டா. ஒண்ணோட வால்ல இருந்து இன்னொண்ணு கிளம்புச்சு, அதோட வால்ல இருந்து அடுத்தது. சக்கரம் மாதிரி சுத்துச்சு. எது தலை, எது கால்? யாருக்குத் தெரியும்! லோர்கன் வந்தான், கேடயத்தை இப்படித் திருப்பினான், அப்படித் திருப்பினான். "ம்"ன்னான். நீயும் சொல்லு. ம்.

"ரெண்டாவது வேலை. கேடயத்துல என் முகம் இருக்கணும், அதுலேருந்து நான் எல்லாரையும் பார்த்துக்கிட்டே இருக்கணும். ஆனா அடுத்தவன் பார்த்தா வெறும் கொடிதான் தெரியணும்."

டெர்வலாவுக்கு அது சுலபமா இருந்துச்சு. அவங்க ஜனத்துக்கு முகத்தை ஒளிச்சு வைக்கிறது ஒரு விளையாட்டு. உருண்டையா ரெண்டு மொட்டு போட்டா, அது கண்ணு. கீழே தொங்குற ரெண்டு தளிர், அது மீசை. நடுவுல ஒரு இலை, அது மூக்கு.

"மூக்கு பத்தாது, இன்னும் இழு. அந்த ஆள் வரதுக்கு முந்தி அவன் மூக்கு வருமே"ன்னா மூர்னே.

இழுத்தா. லோர்கன் வந்து பார்த்தான். கூட வந்த ஆள்கிட்ட, "என்னடா தெரியுது?"ன்னான். "கொடிங்க, இலைங்க"ன்னான் அவன். லோர்கன் கேடயத்தைக் கொஞ்சம் சாய்ச்சான். மொட்டு ரெண்டும் அவனையே முறைச்சுச்சு. மெதுவாத் தன் மூக்கைத் தடவிப் பார்த்துக்கிட்டான். மூர்னே துருத்திக்குப் பின்னாடி போய் வாயைப் பொத்திக்கிட்டா.

அப்புறம் மூணாவது. அதுதான் கஷ்டம். முழிச்சிருக்கியா? ம்.

"நுனி இருக்கிற கயிறை எவனும் அவுத்துருவான். சமாதானத்தை அவுக்க முடியக் கூடாது. அதனால கேடயத்து விளிம்பு பூரா ஒரு சிக்கு போடு. ஒரே கம்பி. எங்க தொடங்குதுன்னும் தெரியக் கூடாது, எங்க முடியுதுன்னும் தெரியக் கூடாது. ஒன்பதாம் நாள் காலையில என் விரலை வச்சே பார்ப்பேன்."

நம்ம வாசல்ல புள்ளி வச்சுச் சிக்குக் கோலம் போடறோமே, அதே கணக்குதான் அவங்களுக்கும். டெர்வலா புள்ளி வச்சா. தன் வளையல், மூர்னே தோடு எல்லாத்தையும் உருக்கி வெள்ளிக் கம்பி இழுத்தா. ஒரு இடத்துல மேல, அடுத்த இடத்துல கீழ, மேல, கீழன்னு கம்பி வளைஞ்சு வளைஞ்சு போச்சு. ஒன்பதாம் நாள் விடிஞ்சப்போ கம்பி கிளம்பின இடத்துக்கே வந்து சேர்ந்துச்சு.

ஆனா பாதிப் புள்ளி சும்மா கிடந்துச்சு.

கோலத்துலயும் அப்படி ஆகும், இல்ல? புள்ளிக் கணக்குத் தப்பினா கம்பி பாதியிலேயே வீடு திரும்பிரும். டெர்வலா மிச்சக் கம்பியை எடுத்து மிச்சப் புள்ளியைச் சுத்தினா. அதுவும் தனியா ஒரு வட்டமா வந்து முடிஞ்சுச்சு. பார்க்க ஒண்ணு மாதிரிதான் இருந்துச்சு. விரல் வச்சுப் பார்த்தா ரெண்டு.

"யாருக்கு அத்தை தெரியப் போகுது?"ன்னா.

"விரலுக்குத் தெரியும்டி."

வெள்ளி தீர்ந்து போச்சு. வெளியே டக்கடக் டக்கடக். டெர்வலாவுக்கு அழுகையும் கோபமும் ஒண்ணா வந்துச்சு. கத்தரியை எடுத்தா, ரெண்டு கம்பியும் குறுக்க வெட்டிக்கிற ஒரு இடத்துல, நறுக்! நறுக்!

"ஐயய்யோ! ஒரு நுனி இருந்தாலே தலை போகும்னான். இப்போ நாலு நுனி பண்ணிட்டியேடி பாவி!"

டெர்வலா நாலு நுனியையும் பார்த்தா. பழையபடி ஒட்ட வைக்கக் கையைக் கொண்டு போனா. அப்படியே நிறுத்தினா. இந்தக் கம்பி நுனியை ஏன் இந்தக் கம்பியோடயே சேர்க்கணும்?

இதை வளைச்சு அதோட சேர்த்தா. அதை வளைச்சு இதோட சேர்த்தா. "ஊது அத்தை, ஊது!" புஸ் புஸ் புஸ். நுனிகளை உருக்கிப் பத்த வச்சா. சொய்ங்.

லோர்கன் உள்ள வந்துட்டான். பின்னாடி கோனல், கையில கயிறு கட்டியிருந்துச்சு. ஏரித் தலைவனும் வந்து நின்னான்.

லோர்கன் உலைக் கரியில விரலைத் தோய்ச்சான். ஒரு இடத்துல வச்சு, கம்பி மேலயே இழுத்துக்கிட்டுப் போனான். மேல, கீழ, மேல, கீழ. போன இடமெல்லாம் வெள்ளி கறுத்துச்சு. மறுபடி கரி, மறுபடி மேல, கீழ. திடீர்னு விரல் நின்னுச்சு.

"இங்க என்ன கரடு?"

"சேர்ந்த இடம் ஐயா. நுனி இருந்தா நகத்தால கிளப்பிப் பாருங்க"ன்னா டெர்வலா.

கிளப்பினான், கிர்ர் கிர்ர். நகம்தான் உடைஞ்சுச்சு. கம்பி வரலை.

விரல் திரும்பவும் நகர்ந்துச்சு. கடைசியில தொடங்கின இடத்துக்கே வந்து நின்னுச்சு. அப்போ மூர்னே எல்லாரையும் தள்ளிக்கிட்டு வந்து கேடயத்து மேல குனிஞ்சா. விரல் படாம வெள்ளையா ஒரு நெல்லளவு இருந்தாலும் போச்சு, ரெண்டாவது கம்பி இருக்குன்னு அர்த்தம். இந்தப் பக்கம் பார்த்தா. அந்தப் பக்கம் பார்த்தா. எல்லாம் கறுப்பு.

"ஒண்ணே ஒண்ணுதான்யா!"ன்னு கத்தினா.

லோர்கன் நிமிர்ந்தான். ஏரித் தலைவனைப் பார்த்தான். "அவனை அவுத்து விடுங்க"ன்னான்.

மூர்னே ஓடிப் போய் மகனை முதுகுல ரெண்டு போட்டா. அப்புறம் கட்டிப் பிடிச்சு அழுதா. "எலும்பாப் போயிட்டியேடா! சோறு போட்டானா இல்லையா?"

"போட்டான்மா. உப்புதான் போடலை"ன்னான் கோனல்.

அப்புறம் வீட்டுக்குப் போனாங்க. கோனல் மூணு கிண்ணம் கஞ்சி குடிச்சான். "கேடயத்தை எப்படிப் பண்ணினே?"ன்னு டெர்வலாகிட்ட கேட்டுக்கிட்டே நாலாவதை நீட்டினான். டெர்வலா சுவர்ல சாய்ஞ்சு, கரண்டியைப் பிடிச்சபடியே தூங்கிட்டா. கோனல் மெதுவா அந்தக் கரண்டியை உருவினான், கம்பளியை எடுத்துப் போர்த்தி விட்டான்.

அவ தூங்கியாச்சு, கதையும் படுத்தாச்சு. நீ மட்டும் என்ன முழிச்சுக்கிட்டு? காலை நீட்டு. ம்... தூங்கு.