ஸ்டார்ட்டரும் பாலக்காட்டுக் கணவாயும்

தெய்வசிகாமணி அன்று காலையில் செய்த தப்பு ஒன்றே ஒன்றுதான். பேக்கரி வாசலில் காரை நிறுத்தியவர், எஞ்சினையும் அணைத்துவிட்டார்.

அணைக்கக் கூடாது என்பது அவருக்குத் தெரியும். கொஞ்ச நாளாகவே ஸ்டார்ட்டர் மோட்டார் சண்டித்தனம் செய்துகொண்டிருந்தது. சாவியைத் திருப்பினால் சில நேரம் எடுக்கும். சில நேரம் ‘டக்’ என்று ஒரு சத்தத்தைப் போட்டுவிட்டுப் படுத்துக்கொள்ளும். கோயில் வாசல் வரைக்கும் அணைக்கவே வேண்டாம் என்று மனைவி வசந்தாமணி கிளம்பும்போதே சொல்லியிருந்தார். ஆனால் கை, கொங்கு நாட்டுக் கை. நிற்கிற வண்டிக்கு எதற்கு டீசல் எரியணும் என்று மூளையைக் கேட்காமலே சாவியைத் திருப்பிவிட்டது.

நின்றது ஒரு இனிப்பு டப்பாவுக்காக. தங்கை மகளுக்கு அன்று சேவூர்ப் பக்கத்துக் கோயிலில் காதுகுத்து. தாய்மாமன் சீர்த்தட்டு ஒற்றைப்படையில்தான் போக வேண்டும். வசந்தாமணி வழியில் எண்ணிப் பார்த்தார், இரட்டைப்படையில் இருந்தது. ஒரு தட்டைக் கூட்டுவதற்காகக் கரியாம்பாளையம் பிரிவு பேக்கரியில் நிறுத்தச் சொன்னார். அவர் நிறுத்தச் சொன்னது காரை மட்டும்தான்.

காதுகுத்துக்குத் தாய்மாமன் மடி வேண்டும். குழந்தையை அதில் உட்கார வைத்துத்தான் ஆசாரி ஊசியை எடுப்பார். நல்ல நேரத்துக்குள் இவர் போகாவிட்டால் மடிக்குப் பஞ்சமில்லை. பெரியப்பா மகன் பூபதி இருக்கிறான். அவனும் முறைக்குத் தாய்மாமன்தான். எந்த விசேஷத்துக்கும் முதல் ஆளாகப் போய், வராதவன் இடம் எது என்று பார்த்து வைத்துக்கொள்கிற மனிதன். போன வருஷம் தங்கை வீட்டுப் புதுமனை புகுவிழாவுக்கு தெய்வசிகாமணி தாமதமாகப் போனபோது, பால் காய்ச்சின அடுப்புக்குப் பக்கத்தில் பூபதிதான் நின்றிருந்தான். தங்கையின் மாமனார் அதை இன்றைக்கும் சிரித்துக்கொண்டே சொல்வார். அந்தச் சிரிப்பை நினைத்தால் தெய்வசிகாமணிக்குச் சோறு இறங்காது.

இனிப்பு டப்பாவோடு வந்து உட்கார்ந்து சாவியைத் திருப்பினார்.

டக்.

மறுபடி திருப்பினார். டக்.

பேக்கரி வாசலில் டீ குடித்துக்கொண்டிருந்த ஆட்கள் டம்ளரை வைத்துவிட்டுத் தள்ளுவதற்கு எழுந்தார்கள். பேக்கரிக்கு முன்னால் ரோடு நல்ல சரிவு. ஓடைப் பாலம் வரைக்கும் தள்ளினால் எந்த வண்டியும் எடுத்துக்கொள்ளும். அங்கேயே முடிந்திருக்க வேண்டிய விஷயம் இது. அதற்குள் மூலைப் பெஞ்சியிலிருந்து ஒரு கை உயர்ந்தது.

“தள்ளாதீங்க. தள்ளுனா நோய் உள்ளயே தங்கிரும்.”

கை கிட்டுசாமியுடையது. கிட்டுசாமி மோட்டார் கம்பெனி ஒன்றில் வெகுகாலம் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். என்ன வேலை என்பது ஆளுக்கு ஆள் மாறும். வாட்ச்மேன் என்று சொன்னவர்களும் உண்டு. அவர் சொல்வதைப் பார்த்தால் கம்பெனியே அவரைக் கேட்டுத்தான் காலையில் கதவு திறந்தது.

சத்தத்தை வைத்தே சொல்லிவிடலாம் என்றார். சாவியைத் திருப்பினால் ஒரு சத்தமும் இல்லையா, பேட்டரி. கிர்ரென்று ஓடி எஞ்சினைப் பிடிக்காமல் விட்டால், பல் தேய்ந்திருக்கிறது. ஒற்றை டக் என்றால் மோட்டாருக்குக் கரண்ட் கொடுக்கிற கார்பன் துண்டு போயிருக்கும், இல்லாவிட்டால் உள்ளே செப்புக் கம்பி சுற்றின காயில் வெந்திருக்கும். இவ்வளவும் சரிதான். எந்த மெக்கானிக்கும் இதைத்தான் சொல்வான், சொல்லிவிட்டு ஸ்பேனரை எடுப்பான். கிட்டுசாமி இன்னொரு டீ சொன்னார்.

“என்ற பழைய காரு இப்படித்தான் ஒருக்கா டக்குனு நின்னுச்சு. மெக்கானிக்கு கிக்கானிக்கு ஒருத்தனையும் கூப்புடல. ஊட்டுலயே கழட்டுனேன்.”

எதிர்ப் பெஞ்சியில் இருந்த சென்னியப்பன் பேப்பரை மடித்தார். அவர் சைட் புரோக்கர். அந்த வட்டாரத்தில் தோப்பாக இருந்ததையெல்லாம் கல் நட்டு, நகர் என்று பேர் வைத்து விற்றுக் கொடுத்தவர். பொய்யை அருகில் இருந்து பார்த்துப் பழகியவர் என்பதால் எளிதில் நம்ப மாட்டார்.

“எதை வச்சுங் கழட்டுனீங்க?” என்றார்.

தேங்காய்த் துருவியை வைத்து என்றார் கிட்டுசாமி. கார் அடியில் படுக்கவும் இல்லையாம். கண்ணை மூடிக்கொண்டு, கையை மட்டும் உள்ளே விட்டு, போல்டுகளை ஒவ்வொன்றாகப் பேர் சொல்லிக் கூப்பிட்டாராம். அவை வந்துவிட்டன. மோட்டாரைச் சமையல் மேடையில் வைத்துப் பிரித்தால் கார்பன் தேய்ந்து பட்டாணித் தோலாகிவிட்டிருந்தது. அன்றைக்கு ஊரெல்லாம் கடையடைப்பு. தேங்காய்த் தொட்டியைச் சுட்டுக் கரியாக்கி அதிலேயே கார்பன் அறுத்துப் போட்டார். அதை அழுத்திப் பிடிக்கிற ஸ்பிரிங் மனைவியின் கொண்டை ஊசியிலிருந்து வந்தது.

வசந்தாமணி காருக்குள்ளிருந்து எட்டிப் பார்த்தார். தெய்வசிகாமணி, ஒரு நிமிசம் என்று கையைக் காட்டினார். தள்ள எழுந்தவர்கள் நின்றபடியே கேட்டுக்கொண்டிருந்தார்கள். கேட்கிறவனைத் தள்ளச் சொல்வது இந்த ஊரில் மரியாதைக் குறைவு. அதோடு, ஒத்துக்கொள்ளக் கூச்சமாக இருந்தாலும், காயில் என்ன ஆயிற்று என்று தெரிந்துகொள்ள அவருக்கே ஆசையாக இருந்தது.

காயில் கருகிப் போயிருந்தது. கடையில்லாத நாளில் செப்புக் கம்பிக்கு எங்கே போவது? மாமியார் வீட்டுச் சீரில் வந்த செப்புக் குடம் ஒன்று மச்சில் கிடந்தது. அதைக் காய்ச்சி, மாவுப் பதத்துக்குப் பிசைந்து, சந்தகை அச்சில் போட்டுப் பிழிந்தாராம் கிட்டுசாமி. இடியாப்பம் போல நூல் நூலாகக் கம்பி இறங்கியதாம்.

“செம்பு காய்ஞ்ச சூட்டுக்கு மர அச்சு நிக்குமுங்ளா?” என்றார் சென்னியப்பன்.

“பூவரசு மரமுங்க அது.”

“அப்புறம் தேங்காப்பால் ஊத்தித் தின்னீங்ளாக்கு.”

எல்லோரும் சிரித்தார்கள். கிட்டுசாமி சிரிக்கவில்லை. புளுகுகிறவன் சிரித்துவிட்டால் தொழில் போய்விடும். மிச்சக் கம்பியைப் பெண்டாட்டி தாளித்துவிட்டாள், அதைச் சாப்பிட்டதிலிருந்து தனக்கு மூட்டுவலி இல்லை என்று சொல்லிவிட்டு மேலே போனார்.

கட்டிமுடித்த மோட்டாரைச் சமையலறைத் தரையில் வைத்து, பேட்டரி ஒயரைத் தொட்டார். தொட்டதுதான் தாமதம், மோட்டார் எகிறிச் சுவரைச் சுற்றி ஓட ஆரம்பித்துவிட்டது. அது ஓடிய வேகத்தில் வீட்டு மீட்டர் பின்னால் சுழன்றது. தெரு லைட்டெல்லாம் பட்டப்பகலில் எரிந்தது. கரண்ட், லைன் வழியாகத் திரும்பிப் போய், மலைமேல் இருக்கிற மின்சார டேமில் சக்கரம் எதிர்ப்பக்கம் சுற்றி, விழுந்த தண்ணீர் மறுபடியும் மேலே ஏறியது. அங்கே வேலையிலிருந்த எஞ்சினியர் அழுதுகொண்டே போன் செய்தார் என்றார் கிட்டுசாமி. பாவம், பிள்ளைகுட்டிக்காரர்.

தெய்வசிகாமணியின் போன் அடித்தது. தங்கை. ஆசாரி வந்து உட்கார்ந்துவிட்டார், எங்கே இருக்கிறாய் என்றாள். பக்கத்தில் வந்துவிட்டோம் என்றார் இவர். அதுவும் ஒரு புளுகுதான். ஆனால் தாமதமாகிறவன் சொல்வதைப் புளுகில் சேர்ப்பதில்லை.

“கிட்டண்ணா, நேரமாச்சுங். தள்ளீரலாங்ளா?”

“இரு சிகாமணி. முக்கியமான எடத்துக்கே இன்னும் வர்ல.”

முக்கியமான இடம், மோட்டாரைக் காரில் மாட்டியது. கார் வீட்டுச் சுவரை ஒட்டி நின்றதாம். ஹேண்ட்பிரேக் போட்டிருந்தது. சாவியைப் பாதிதான் திருப்பினார். எஞ்சின் சுற்றவில்லை, காரும் நகரவில்லை. வீடு நகர்ந்தது. தெற்குப் பார்த்த வாசல் மெதுவாகக் கிழக்கே திரும்பி நின்றது. உள்ளே தூங்கிய மாமியார் தூக்கம் கலையவில்லை. வாஸ்துக்காரன் வந்து பார்த்துவிட்டு, தொழிலையே விட்டுவிட்டுப் போனான்.

சென்னியப்பன் இதற்காகவே காத்திருந்தவர் போல நிமிர்ந்தார். போன தைப்பொங்கல் நோம்பிக்கு உங்கள் வீட்டுக்கு வந்தேனே, வாசல் தெற்கே பார்த்துத்தானே இருந்தது என்றார். வாசல் எந்தப் பக்கம் என்பதில் புரோக்கரை ஏமாற்ற முடியாது.

கிட்டுசாமி டீயை உறிஞ்சினார். “காலங்காத்தால வெயிலு மூஞ்சிலயே அடிக்குதுன்னு ஊட்டுக்காரி சண்டை. மறுக்கா சாவியத் திருப்பிப் பழையபடி வச்சுட்டேன். பொம்பளைங்ககிட்ட ஆகுமுங்ளா?”

இத்தோடு நிறுத்தியிருந்தால் எல்லோரும் சிரித்துவிட்டு வண்டியைத் தள்ளியிருப்பார்கள். ஆனால் சிரிப்புக்குள் இருந்த அவநம்பிக்கை அவரை உறுத்தியது. குரலைத் தாழ்த்தினார். இதை இதுவரை யாருக்கும் சொன்னதில்லை என்றார். அந்தக் கார் ஒருமுறை வாளையார் தாண்டிச் சேற்றில் சிக்கிக்கொண்டது. இழுக்க ஆளில்லை. வடம் ஒன்றை எடுத்து ஒரு முனையைக் காரிலும் மறுமுனையை எதிர்மலையிலும் கட்டிச் சாவியைத் திருப்பினார். கார் வெளியே வந்துவிட்டது. ஆனால் மலையும் கொஞ்சம் இந்தப் பக்கம் வந்துவிட்டது.

“பாலக்காட்டுக் கணவா அன்னைக்கு ஒடுங்குனதுங்க. அதுல வர்ற காத்துதான நம்மூரச் சிலுசிலுன்னு வச்சிருந்துச்சு? கோயமுத்தூரு கிளைமேட்டு எதுனால கெட்டுச்சுன்னு ஊரே பேசுது. என்னாலதானுங்க. வெளிய சொன்னா அடிப்பாங்கன்னு சும்மா இருக்கறேன்.”

யாரும் சிரிக்கவில்லை. எல்லோரும் சென்னியப்பனைப் பார்த்தார்கள். தோப்புகளை வெட்டி வெட்டையாக்கின மனிதர், இந்த ஊர் வெயிலைப் பற்றி யார் பேசினாலும் பேப்பரை உயர்த்திப் பிடித்துக்கொள்கிறவர், அன்று முதன்முறையாகக் கிட்டுசாமியின் தோளில் கை வைத்தார்.

“இருக்குமுங்க. மோட்டாரு அப்படிப்பட்ட மோட்டாரு,” என்றார்.

கார்க்கதவு திறந்து வசந்தாமணி இறங்கினார். பட்டுச்சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு வண்டிக்குப் பின்னால் போய் நின்றார்.

“நீங்க கணவாயைத் தள்ளுங்க. நான் காரைத் தள்ளிக்கறேன்.”

அதற்கு மேல் யாரும் உட்கார்ந்திருக்க முடியவில்லை. மொத்த பேக்கரியும் எழுந்தது. தெய்வசிகாமணி ஓட்டுநர் இருக்கையில் ஏறப் போனார். அதற்குள் கிட்டுசாமி உட்கார்ந்திருந்தார். ஸ்டார்ட்டரின் சத்தத்தை உள்ளேயிருந்து கேட்க வேண்டும் என்றார். வாக்குவாதத்துக்கு நேரமில்லை. சொந்தக் காரை தெய்வசிகாமணி பட்டு வேட்டியோடு பின்னாலிருந்து தள்ளினார்.

சரிவில் கார் உருண்டது. பாதி வழியில் குலுங்கி, இருமி, எடுத்துக்கொண்டது. பாலத்தைத் தாண்டி அந்தப் பக்கத்து மேட்டிலும் பாதி ஏறி நின்று உறுமியது. தள்ளியவர்கள் கையைத் தட்டிக்கொண்டு டீக்குத் திரும்பிவிட்டார்கள். தெய்வசிகாமணியும் வசந்தாமணியும் ஓடினார்கள். இவ்வளவு இனிமையான எஞ்சின் சத்தத்தை அவர் அதற்கு முன் கேட்டதில்லை. போய்விடலாம், நல்ல நேரம் இன்னும் இருக்கிறது என்று மனசுக்குள் கணக்குப் போட்டுக்கொண்டே ஓடினார்.

கிட்டுசாமி ஜன்னலில் முழங்கையை வைத்துக் காத்திருந்தார்.

“பாத்தியா சிகாமணி, நம்ம கை பட்டதும் சரியாயிருச்சு. இனிமேல் சாவியிலயே எடுக்கும். இங்க பாரு.”

அணைத்தார். சாவியைத் திருப்பினார்.

டக்.

முன்னால் மேடு, பின்னால் மேடு, நடுவில் ஓடை. தள்ளியவர்கள் கூப்பிடு தூரத்தைத் தாண்டிவிட்டார்கள். கிட்டுசாமி ஸ்டீயரிங்கைத் தட்டிப் பார்த்தார். பிறகு, வண்டியை விட்டுவிட்டுப் போங்கள், சாயங்காலத்துக்குள் வீட்டுக்குக் கொண்டுபோய்க் கழற்றி வைத்துவிடுகிறேன் என்றார். தெய்வசிகாமணி சாவியை உருவி மடியில் கட்டிக்கொண்டார். அன்று அவர் செய்த ஒரே புத்திசாலித்தனமான காரியம் அதுதான்.

அப்போது வந்த வண்டி பிராய்லர் கோழி வண்டி. வேறெதுவும் வருவதாகத் தெரியவில்லை. வசந்தாமணி தட்டுகளோடு டிரைவர் பக்கத்தில் உட்கார்ந்தார். தாய்மாமன் பின்னால் கூண்டுகளுக்கு நடுவில் நின்றுகொண்டு வந்தார்.

கோயிலை அடைந்தபோது குழந்தை வீறிட்டுக்கொண்டிருந்தது. பூபதியின் மடியில் உட்கார்ந்திருந்தது. வலது காது முடிந்திருந்தது. தங்கை அண்ணனைப் பார்த்தாள். குழந்தையை மடி மாற்றினார்கள். இடது காதுக்கு தெய்வசிகாமணி உட்கார்ந்தார். ஒரு காதுக்கு ஒரு மாமன் என்று யாரோ பின்னால் மெதுவாகச் சொன்னார்கள். போட்டோக்காரர் மட்டும் சந்தோஷமாக இரண்டையும் எடுத்தார்.

எல்லாம் முடிந்ததும் தங்கையின் மாமனார் வந்தார். அதே சிரிப்பு.

“ஏனுங் மாப்ளே, நேரமாயிருச்சாட்டங்?”

நடந்தது இதுதான்: வண்டி நின்றது, ஒரு புளுகனின் கதையை நின்று கேட்டேன், கோழிகளோடு வந்தேன். சொல்லியிருக்கலாம். பூபதி பக்கத்தில் காதைத் தீட்டிக்கொண்டு நின்றான். தெய்வசிகாமணி வாயைத் திறந்தார். உள்ளேயிருந்து வேறொரு ஆள் பேசினார்.

“மாமா, ஸ்டார்ட்டர் மோட்டாருங்கறத லேசா நெனச்சராதீங்க. வழியில டக்குனு நின்னு போச்சுங். மெக்கானிக்க எதுக்குக் கூப்புடோணும்னு நானே கழட்டி, ரோட்டோரமே ஒக்காந்து காயில் கட்டி மாட்டுனனுங். மாட்டிச் சாவியத் திருப்புனா வண்டி நிக்க மாட்டேங்குது. கோயிலைத் தாண்டி, கோபியும் தாண்டிப் போயிருச்சுங். அங்கிருந்து திரும்பி வர்றதுக்குத்தான் இத்தனை நேரம்.”

சொல்லி முடித்தபோது அவருக்கே வியப்பாக இருந்தது. இவ்வளவு சுலபம் என்று தெரியாமல் இத்தனை வருஷம் உண்மையே பேசி வந்திருக்கிறார். வசந்தாமணி பந்திப் பக்கம் போய்விட்டார்.

மாமனார் முழுக்கப் பொறுமையாகக் கேட்டார். தலையை ஆட்டினார்.

“நல்லதுங் மாப்ளே. மொதல்ல தலையில ஒட்டியிருக்கற கோழி எறக எடுத்துருங். மிச்சத்தச் சாப்புட்டுக்கிட்டே கேக்கலாமுங்.”