பன்றிகள் கிளறிய பட்டை

கருங்கல் மேட்டுக் காட்டில் அந்த ஆண்டு மழை கொட்டித் தீர்த்தது. சரிவெங்கும் புல், எருதின் முதுகே மறையும் அளவுக்கு வளர்ந்தது.

"என் ஆட்சியில் பெய்த மழையைப் பார்த்தீர்களா!" என்றது தலைமைக் காட்டெருது.

"தங்கள் கொம்பைப் பார்த்துத்தான் மேகமே வந்தது, தலைவரே!" என்று மயில் தோகை விரித்தது.

காட்டெருதுக்கு உச்சி குளிர்ந்தது. "சரிவுப் புல் எங்கள் இனத்துக்கு மட்டும்! பன்றிகள் அந்தப் பக்கமே வரக்கூடாது!" என்று உத்தரவு போட்டது.

"பன்றிகளுக்கு அந்தத் துணிச்சல் ஏது!" என்றது மயில்.

மாசி பிறந்தது. பனி நின்றது, வெயில் ஏறியது. புல் காய்ந்து முறுகியது. சரிவின் உச்சியில், சரளைக் கற்களுக்கு நடுவே ஆட்காட்டிப் பறவை முட்டையிட்டிருந்தது. கீழே நின்ற காய்ந்த புல்லைப் பார்த்தது. முட்டைகளைத் தூக்கிக்கொண்டு பறக்க முடியுமா? நேரே காட்டெருதிடம் போனது.

"தலைவரே, ஒரு பொறி பட்டால் காடே எரியும். சரிவின் குறுக்கே ஒரு பட்டை மேய்ந்து வெறுந்தரை ஆக்குங்கள்!"

"இவ்வளவு மழை பெய்த ஆண்டில் தீயா!" என்று சிரித்தது காட்டெருது.

"மழையால்தானே ஐயா இவ்வளவு புல்! மழை போய்விட்டது, புல் நிற்கிறது. அது இப்போது விறகு!"

"இது நிழலைக் கண்டாலும் கத்தும்," என்றது மயில்.

"போன கோடையில் வேட்டைக்காரன் வந்தபோது கத்தியது யார்? உன் தோகை மிஞ்சியது யாரால்?"

மயில் தோகையை மடக்கிக்கொண்டது. காட்டெருதோ அசைபோட்டபடி கண்ணை மூடிக்கொண்டது.

'மனு கொடுத்தாயிற்று. இனி மக்களிடம் போக வேண்டியதுதான்!' என்று ஆட்காட்டி சேற்றுக் குட்டைக்குப் பறந்தது.

"பன்றியண்ணே! சரிவில் கோரைக்கிழங்கு கொத்துக் கொத்தாகக் கிடக்கிறதே, போகவில்லையா?"

"தலைவர் உத்தரவாமே."

"உங்களுக்குத் துணிச்சல் கிடையாது என்று மயில் சொன்னது உண்மைதான் போல!"

"எவன் சொன்னது?" பன்றி சேற்றை உதறி எழுந்தது. "கிளம்புங்கடா!"

"அண்ணே, பாறையிலிருந்து ஓடை வரைக்கும் சரிவின் குறுக்கே ஒரே நேராகக் கிளறுங்கள். அப்போதுதான் தலைவருக்குத் தூரத்திலிருந்தே தெரியும்!"

பன்றிகள் வெறியோடு கிளறின. கிழங்கும் கிடைத்தது, வீம்பும் தீர்ந்தது. "அராஜகம்!" என்று மயில் அலறியது.

பங்குனியில் ஒரு நண்பகல். அடிவாரத்தில் எவனோ பீடித் துண்டை வீசிவிட்டுப் போனான். காற்று மேட்டை நோக்கி வீசியது. தீ மானைவிட வேகமாகச் சரிவில் ஏறியது. காட்டெருது முதலில் ஓடியது. மயில் அதையும் முந்தியது. ஆட்காட்டி மட்டும் முட்டைகள்மேல் சிறகை விரித்துக் கிடந்தது.

தீ பட்டையருகே வந்தது. தின்னப் புல் இல்லை, வெறும் மண். இப்படியும் அப்படியும் நாக்கை நீட்டிப் பார்த்துவிட்டுச் செத்தது. தாண்டி விழுந்த பொறிகளைப் பன்றிகள் மண் தள்ளி மூடின.

புகை அடங்கியதும் காட்டெருது திரும்பி வந்தது. "நான் போட்ட பட்டை எப்படி!"

"என்ன தொலைநோக்கு!" என்றது மயில்.

பன்றி ஆட்காட்டியிடம் கொதித்தது. "தங்கச்சி, இது அடுக்குமா?"

"பெயரை அவர்களே வைத்துக்கொள்ளட்டும் அண்ணே, என்றைக்கும் அப்படித்தானே! ஆனால் 'நான் போட்ட பட்டை' என்று அவர் சொன்னதை எல்லோரும் கேட்டிருக்கிறோம். அடுத்த மாசியில் இந்தப் பட்டையைத் தலைவரே மேய்ந்து கொடுப்பார். இல்லையென்றால் நான் கத்துவேன்!"

அப்போது ஒரு முட்டை பொரிந்தது. குஞ்சு வெளியே வந்ததும் காட்டெருதைப் பார்த்துக் கத்தியது.

தீ வந்த பிறகு ஓடும் ஆயிரம் கால்களைவிட, புல் காயும்போதே மண்ணைக் கிளறும் ஒரு மூக்கு மேல்.