எலும்போரத்துக் கறி

பாறைக்குளத்துக் காட்டில் செம்பி என்று ஒரு நரி இருந்தாள். அவளுடைய மூக்கை நம்பித்தான் அந்தக் காடே சாப்பிட்டது.

சும்மா சொல்லவில்லை. அந்தக் காட்டில் மழை நின்றதும் ஒரு திருவிழா வரும். ஒரு பெரிய காட்டுப்பன்றியை அடித்து, எல்லாரும் வயிறு முட்டச் சாப்பிடுவார்கள். பின்தொடை ஒன்றை மட்டும் தொடமாட்டார்கள். அதில் உப்பைத் தேய்த்துக் குகைக்குள் புகையில் தொங்கவிடுவார்கள். திருவிழா முடிந்து ஏழு நாள் யாரும் வேட்டைக்குப் போகக்கூடாது. அது அந்தக் காட்டுச் சட்டம். முதல் மூன்று நாள் எலும்பு, தோல் என்று எதையாவது கடித்து ஓட்டிவிடுவார்கள். நான்காம் நாள் தொடை இறங்கும். மொச்சைக்கொட்டையும் காய்ந்த மிளகாயும் போட்டுப் பெரிய சட்டியில் குழம்பாகக் கொதிக்கும். அன்றைக்கு அதை முட்டத் தின்றுதான் மிச்ச நாளை ஓட்டுவார்கள்!

ஆனால் சட்டி ஏறுவதற்கு முன் ஒரு வேலை உண்டு. முள்ளம்பன்றி முள் ஒன்றைத் தொடைக்குள் எலும்பு தட்டும் வரை குத்த வேண்டும். உருவி எடுத்து முகர வேண்டும். மேலே எவ்வளவு புகை மணம் அடித்தாலும் நம்பக்கூடாது. கெடுவது எலும்போரத்தில்தான் முதலில் கெடும்.

"நரிக்கும் கழுதைப்புலிக்கும் கெட்ட கறி என்ன செய்யும்?" என்று கேட்பீர்கள். வெளியே கிடந்து நாறியதைச் செரிக்கிற வயிறுதான், ஒத்துக்கொள்கிறேன். உப்புக்கும் கொழுப்புக்கும் அடியில், காற்றே படாமல் கெட்டது வேறு சங்கதி. அது விஷம். ஒரு வருஷம் அவசரத்தில் முள் குத்த மறந்துபோய், மேட்டுக் குகையில் ஒரு குடும்பமே செத்துக் கிடந்தது. அன்றைக்கு ஏற்பட்டதுதான் இந்த வழக்கம்.

முகர்கிற வேலை செம்பியுடையது. கூலி ஓர் இலை நிறையக் குழம்பு, எல்லாருக்கும் முன்னால். சட்டி ஏறினால்தான் கூலி. கெட்டுப்போச்சு என்று சொல்லிவிட்டால் தொடை ஆற்றுக்குப் போகும், கூலியும் கிடையாது. இந்த ஏற்பாட்டை எந்த மடையன் செய்தானோ தெரியவில்லை!

இந்த வருஷம் திருவிழா முடிந்த மறுநாளே மழை திரும்பிக் கொட்டியது. சாரல் குகைக்குள் அடித்துப் புகை நெருப்பு அணைந்துபோனது. ஒன்றரை நாள் கழித்துத்தான் சமையல்காரக் கரடி உலக்கையனால் மறுபடி மூட்ட முடிந்தது.

செம்பிக்கு மூன்று குட்டிகள். குட்டையன், மூளி, கடைசியாகச் சுண்டு. அப்பன் நரியைப் போன மாதம் சிறுத்தை அடித்துவிட்டது. அவளுக்குப் பாலும் வற்றிவிட்டது. நான்காம் நாள் காலையில் சுண்டு தலையைத் தூக்கவே இல்லை.

குளக்கரையில் முப்பது வாய்கள் காத்திருந்தன. பாறை மேல் கழுதைப்புலி கோணவாயன் உட்கார்ந்திருந்தான். மொச்சைக் குதிருக்கு அவன்தான் காவல். சட்டி ஏறாமல் ஒரு கொட்டையைக்கூட வெளியே விடமாட்டான்.

"ஏ செம்பி! சீக்கிரம் முகர்ந்து தொலை! பசி உயிர் போகுது!" என்று கத்தினான்.

செம்பி முள்ளைக் குத்தினாள். எலும்பு தட்டியது. உருவி மூக்கருகே கொண்டு போனாள்.

முதலில் புகை மணம். அடுத்து உப்பு. அதற்குப் பிறகு வந்தது அந்த நாற்றம். ஊறப்போட்டு மறந்துபோன தோல் மாதிரி ஒரு புளித்த நாற்றம். அவள் மூக்கைச் சுளித்தாள்.

"என்ன தாயி, மூஞ்சி ஒரு மாதிரி இருக்கு?" என்றான் உலக்கையன்.

"புகை கண்ணுல பட்டுருச்சு அண்ணே."

"கறி எப்படி?"

செம்பி தன் வளை இருந்த பக்கம் பார்த்தாள். சுண்டுவின் ஒட்டிய வயிறு கண் முன்னால் வந்தது. உண்மையைச் சொன்னால் இன்றைக்கு ஒன்றும் கிடையாது. நாளைக்கும் கிடையாது. நாளை மறுநாள் சுண்டு இருக்கமாட்டான்.

"நல்லா இருக்கு" என்றாள்.

"இன்னொரு தரம் பாரேன். நடுவுல நெருப்பு அணைஞ்சு கிடந்துச்சுல்ல?"

"என் மூக்கு மேலயே சந்தேகமா அண்ணே? நல்லா இருக்குன்னா நல்லா இருக்கு!"

கூட்டம் ஓவென்று ஆர்ப்பரித்தது. கோணவாயன் மொச்சைக் குதிரின் வாயைத் திறந்துவிட்டான்.

செம்பி என்ன முட்டாளா? அந்தக் கறியைத் தன் குட்டிகளுக்குக் கொடுப்பாளா? அதற்கும் ஒரு வழி யோசித்து வைத்திருந்தாள்.

"அண்ணே, என் கூலியைக் குழம்பா வேணாம். கறி சேர்க்கறதுக்கு முன்னாடி வெறும் மொச்சையா வேகவெச்சுக் குடுத்துருங்க. குட்டிகளுக்குக் காரம் ஆகாது" என்றாள்.

"அட கிறுக்கி! கறி இருக்க மொச்சையைக் கேக்குது பாரு!" என்று சிரித்தான் கோணவாயன். "நல்லதாப் போச்சு! ஒரு துண்டு எனக்கு மிச்சம்!"

உலக்கையன் சிரிக்கவில்லை. "பாவம், பச்சைக் குழந்தைங்க வயிறு. காரம் தாங்காதுதான்" என்றான்.

மொச்சை வெந்தது. செம்பியின் பங்கைத் தேக்கிலையில் அள்ளி வைத்தான். பிறகு தொடையை அரிந்து சட்டியில் போட்டான். கறி கொதிக்கத் தொடங்கியதும் ஆவியோடு லேசாக அந்த நாற்றமும் கிளம்பியது. செம்பி அவசரமாகக் குரல் கொடுத்தாள்.

"மிளகாயைத் தாராளமாப் போடுங்கண்ணே! மழைக்கு உறைப்பா இருந்தாத்தான் நல்லா இருக்கும்!"

"அப்படிச் சொல்லு!" என்றான் கோணவாயன். "ரெண்டு கை போடு உலக்கையா! மூணு கை போடு!"

மூன்று கை மிளகாய் விழுந்தது. குழம்பு சிவந்து கெட்டியாகி, மொச்சையும் கறியும் சேர்ந்து தளதளவென்று கொதித்தது. காரம் மூக்கில் ஏறி எல்லாரும் தும்மினார்கள். வேறு எந்த வாசனையும் யாருக்கும் தெரியவில்லை. செம்பிக்கு மட்டும் தெரிந்தது.

'இவ்வளவு கொதிச்சா எல்லாம் சரியாயிரும்' என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். அதை அவளே நம்பவில்லை. நம்பியிருந்தால் ஒரு வாய் தின்றிருப்பாளே!

இலையைக் கவ்விக்கொண்டு வளைக்கு ஓடினாள். மொச்சையை மென்று சுண்டுவின் வாயில் ஊட்டினாள். அவன் விழுங்கினான். இன்னும் கொஞ்சம் விழுங்கினான். மெல்லத் தலையைத் தூக்கி, "அம்மா, இன்னும்" என்றான். செம்பிக்கு அழுகையே வந்துவிட்டது. 'என் பிள்ளை பொழைச்சுக்கிட்டான். மத்தவங்க எப்படிப் போனா எனக்கென்ன?' என்று நினைத்தாள்.

முகர்ந்த முள்ளை அன்றைக்கே ஓடுகிற தண்ணீரில் கழுவி வைக்க வேண்டும். அதுவும் வழக்கம்தான். ஓடை மேட்டுக்கு அந்தப் பக்கம் இருந்தது. கிளம்பும்போது அவள் நாக்கு நுனி வரை ஒரு சொல் வந்தது. 'சட்டிக் கறியை யார் குடுத்தாலும் தொடாதீங்க.'

சொல்லவில்லை. குட்டையனுக்கு வாய் ஓயாது. குளக்கரைக்கு ஓடி, "எங்கம்மா கறி திங்காதேன்னு சொல்லுச்சே!" என்று ஊரைக் கூட்டிவிடுவான். அப்புறம் கோணவாயன் அவளை உயிரோடு விடமாட்டான்.

"சமர்த்தா இருங்க" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனாள்.

அவள் தலை மறைந்த சற்று நேரத்தில் வளை வாசலில் உலக்கையன் வந்து நின்றான். கையில் ஓர் இலைப்பொட்டலம். மிளகாய் போடுவதற்கு முன்பே தன் பங்குக் கறியைத் தனியாக எடுத்து வைத்திருந்தான். அதுவும் எலும்போரத்துக் கறி. தொடையிலேயே மெத்தென்று இருப்பது அதுதான். சமையல்காரனுக்கென்று ஒதுக்கும் துண்டு.

"மாமா வந்துருக்கேன்! என்ன கொண்டாந்தேன் பாருங்க!"

"காரமா மாமா?" என்று மூளி கேட்டாள்.

"துளிக் காரம் இல்ல. உங்களுக்குன்னே எடுத்து வெச்சேன்."

குட்டையன் மோந்து பார்த்து முகம் சுளித்தான். "ஒரு மாதிரி வாடை வருதே மாமா?"

"அது புகை வாடைடா. உங்கம்மா முகர்ந்து பார்த்து நல்லா இருக்குன்னு சொன்ன கறி! அப்புறம் என்ன பயம்?"

அது போதுமே பிள்ளைகளுக்கு! மூன்றும் தின்றன. சுண்டுவுக்குக் கரடியே பிய்த்துப் பிய்த்து ஊட்டினான். குட்டிகள் இலையை நக்குவதைப் பார்த்துச் சந்தோஷமாகத் திரும்பிப் போனான். குளக்கரையில் சட்டி காலி. சட்டியைத் துடைத்துத் தின்ன ஒரு பருக்கைகூட இல்லை. "பரவாயில்லை, பிள்ளைங்க தின்னுச்சே" என்று தண்ணீரைக் குடித்துவிட்டுப் படுத்தான்.

செம்பி ஓடையில் முள்ளைக் கழுவிக்கொண்டே இருந்தாள். மணலில் தேய்த்தாள். முகர்ந்தாள். மறுபடி தேய்த்தாள். நாற்றம் போகவில்லை. குளக்கரையில் என்ன நடக்கிறது என்று பார்க்க அவளுக்குத் தைரியம் வரவில்லை. வெயில் சாய்ந்த பிறகுதான் எழுந்தாள்.

குளத்தைச் சுற்றி ஒரே முனகல். கோணவாயன் பாறைக்குக் கீழே கால்களை விறைத்துக்கொண்டு கிடந்தான். அவன் வாயில் நுரை. அவனைச் சுற்றி இன்னும் பதினோரு பேர் அப்படியே கிடந்தார்கள். செம்பி யாரையும் நின்று பார்க்கவில்லை. தலையைக் குனிந்துகொண்டு வளையைப் பார்த்து ஓடினாள்.

வாசலில் ஒரு தேக்கிலை கிடந்தது. அது அவள் கொண்டுவந்த இலை இல்லை.

உள்ளே குட்டையனும் மூளியும் ஒருவர் மேல் ஒருவர் கிடந்தார்கள். தொட்டுப் பார்த்தாள். சில்லிட்டிருந்தது. சுண்டுவுக்கு மட்டும் மூச்சு இழுத்துக்கொண்டிருந்தது.

"சுண்டு! ஐயோ, என் ராசா! என்னத்தைத் தின்ன?"

"மாமா குடுத்தாரு."

"ஏன்டா வாங்கித் தின்ன? ஏன்டா!"

சுண்டு அவளைப் பார்த்தான். அவனுக்கு அவள் ஏன் கோபப்படுகிறாள் என்று புரியவில்லை.

"நீதானம்மா நல்லா இருக்குன்னு சொன்ன" என்றான்.

அவ்வளவுதான். அதற்குப் பிறகு அவன் பேசவில்லை.

அலறல் கேட்டு உலக்கையன் ஓடிவந்தான். உள்ளே எட்டிப் பார்த்தவன் மண்ணில் விழுந்து நெஞ்சில் அறைந்துகொண்டான்.

"நான்தானே ஊட்டினேன்! என் கையாலதானே ஊட்டினேன் தாயி! பிள்ளைங்களைக் கொன்னுட்டேனே! என் பங்கை நானே தின்னு நான் செத்திருக்கக் கூடாதா!"

செம்பி வாயை மூடிக்கொண்டு இருந்திருந்தால் பழி முழுக்க அவன் மேல் போயிருக்கும். குகை நெருப்பைப் பார்த்துக்கொண்டவன் அவன். சமைத்தவன் அவன். ஊட்டியவனும் அவன். காடு முழுக்க நம்பியிருக்கும். அவனே நம்பினானே!

அவள் ஓடையிலிருந்து கொண்டுவந்த முள்ளை அவன் முன்னால் போட்டாள்.

"நீங்க இல்லண்ணே. எனக்குத் தெரியும். முகரும்போதே தெரியும்" என்றாள்.

உலக்கையன் முள்ளைப் பார்த்தான். அவளைப் பார்த்தான். எழுந்து, குட்டிகள் நக்கிய அந்த இலையை மட்டும் எடுத்துக்கொண்டு நடந்தான். அவள் பின்னாலேயே போய், "அண்ணே! அண்ணே!" என்று கூப்பிட்டாள். அவன் திரும்பவே இல்லை.

கெட்டதைத் தெரிந்தே நல்லது என்று சொல்லி ஊருக்குப் பரிமாறினால், அது நம் பிள்ளையின் இலையிலும் வந்து விழும்.