தெரியாது என்று சொன்ன நீர்நாய்

நாணல்காட்டு நரிக்கும் குரங்குக்கும் தெரியாத விஷயம் என்று இந்த உலகத்தில் ஒன்றுகூடக் கிடையாது. நம்பவில்லையா? அவற்றையே கேட்டுப் பாருங்கள், சொல்லும்!

காட்டின் ஓரமாக ஓர் ஆறு ஓடியது. கரையில் ஒரு பெரிய மருத மரம். மரத்தடியில் நரி உட்கார்ந்திருக்கும். கிளையில் குரங்கு உட்கார்ந்திருக்கும். இரண்டுக்கும் வேலைவெட்டி எதுவும் இல்லை. வருகிறவர் போகிறவருக்கெல்லாம் யோசனை சொல்வதுதான் பிழைப்பு. யானைக்குப் பல்வலி வந்தால் நரி மருந்து சொல்லும். யானைக்கு எத்தனை பல் என்று அதைக் கேட்டுவிடாதீர்கள்! காட்டு வாத்து எப்போது முட்டையிட வேண்டும் என்று குரங்கு நாள் குறித்துக் கொடுக்கும். வாத்து சிரிப்பை அடக்கிக்கொண்டு போய்விடும்.

'தெரியாது' என்ற ஒரு வார்த்தை மட்டும் அந்த இரண்டு வாயிலிருந்தும் வந்ததே இல்லை. அதைச் சொல்லிவிட்டால் கௌரவம் என்ன ஆவது!

ஒருநாள் காலை, ஒரு பெண் மான் மூச்சிரைக்க மரத்தடிக்கு ஓடி வந்தது. அது அந்தக் காட்டுக்குப் புதிது. செந்நாய்கள் துரத்தியதில் எங்கிருந்தோ ஓடி வந்திருந்தது. ஓட்டத்தில் அதன் குட்டி பிரிந்துபோய், ஆற்றில் இறங்கி, நடுவில் இருந்த மணல் திட்டில் ஏறிவிட்டது. அப்போது ஆற்றில் அவ்வளவாகத் தண்ணீர் இல்லை. ஆனால் மலையில் கொட்டிய மழை இப்போது சிவப்பாகக் கலங்கி ஆற்றில் வந்து சேர்ந்துவிட்டது. நேரம் ஆக ஆகத் திட்டு சிறுத்துக்கொண்டே வந்தது.

"நரியண்ணே! அதோ, என் குட்டி தனியா நிக்குது. எந்தப் பக்கம் இறங்கினா ஆழம் இருக்காது? சீக்கிரம் சொல்லுங்க!" என்று கெஞ்சியது மான்.

நரி அந்த ஆற்றில் ஒருநாள்கூடக் கால் நனைத்தது கிடையாது. குளிப்பது என்றாலே அதற்கு ஆகாது. இருந்தாலும் தொண்டையைச் செருமிக்கொண்டது.

"சரியான ஆளைத்தான் கேட்டிருக்கே, தாயி! இந்த மரத்துக்கு நேரா இறங்கு. முழங்கால் தண்ணிதான். கண்ணை மூடிக்கிட்டுப் போகலாம்!"

மான் இறங்கியது. நாலே எட்டு. காலுக்குக் கீழே தரையைக் காணோம்! சுழல் அதை இரண்டு முறை உருட்டியது. நல்ல வேளையாக ஒரு வேரில் மோதி, தட்டுத் தடுமாறிக் கரையேறியது. முன்னங்காலில் ரத்தம் வழிந்தது.

"முழங்கால் தண்ணின்னு சொன்னீங்களே!"

"முழங்கால்தான். உன் கால் குட்டை. அதுக்கு நான் என்ன பண்றது?" என்றது நரி.

மேலிருந்து குரங்கு கைகொட்டிச் சிரித்தது. "நரிக்கு ஆத்தைப் பத்தி என்ன தெரியும்? என்கிட்ட கேளு! நான் உசரத்துல இருந்து எல்லாத்தையும் பாக்கிறவன். அதோ அங்கே தண்ணி அலையே இல்லாம அமைதியா கிடக்குது பாரு, அங்கே ஆழமே கிடையாது. ஓடு!"

உயரத்தில் இருந்து பார்த்தால் தண்ணீரின் மேல்பக்கம்தான் தெரியும், அடி தெரியாது. அது அந்த மண்டைக்கு உறைக்கவில்லை. உறைத்திருந்தாலும் வாயை மூடியிருக்காது!

பாவம், பெற்ற வயிறு. அதையும் நம்பி மான் ஓடியது. அங்கே இருந்தது சேறு. வயிறு வரை உள்ளே இழுத்துவிட்டது. உதைத்து, துள்ளி, உடம்பெல்லாம் சேறாக மான் வெளியே வருவதற்குள் பாதித் திட்டு தண்ணீருக்குள் போய்விட்டது. குட்டி தாயைக் கூப்பிட்டுக் கதறும் சத்தம் கரைக்குக் கேட்டது.

மானுக்கு அழுகையும் ஆத்திரமும் சேர்ந்து வந்தன. "ஏன் இப்படிப் பண்றீங்க? தெரியலைன்னா தெரியலைன்னு சொல்லித் தொலைங்களேன்! நான் வேற யாரையாவது கேட்டிருப்பேனே! அங்கே நிக்கிறது என் உசிரு!"

"தெரியலையா? யாருக்கு? எங்களுக்கா?" இரண்டும் ஒரே நேரத்தில் கேட்டன. அவற்றுக்கு ரோஷம் வேறு வந்துவிட்டது!

அப்போது கரையோரம் ஒரு நீர்நாய் தலையை நீட்டியது. அது பிறந்தது, வளர்ந்தது, மீன் பிடித்துத் தின்பது எல்லாமே அந்த ஆற்றில்தான்.

"தம்பி, நீயாவது சொல்லுப்பா. எங்கே இறங்கினா ஆழம் இருக்காது?" என்று கேட்டது மான்.

"தெரியாதுக்கா" என்றது நீர்நாய்.

நரி விழுந்து விழுந்து சிரித்தது. "கேட்டியா கூத்தை! ராப்பகலா ஆத்துலேயே கிடக்குது, ஆத்தைப் பத்தித் தெரியாதாம்! வெளியே சொன்னா வெட்கக்கேடு!"

நீர்நாய் அதைக் காதில் வாங்கவில்லை. "நேத்து கேட்டிருந்தா சொல்லியிருப்பேன், அக்கா. இன்னைக்கு வந்திருக்கிறது புதுத் தண்ணி. மணலை எங்கே அள்ளிச்சு, எங்கே கொட்டிச்சுன்னு முங்கிப் பாத்தாத்தான் தெரியும். இரு, வர்றேன்."

மருத மரத்துக்குக் கொஞ்சம் தள்ளி முங்கியது. "இங்கே ஆழம்!" இன்னும் கீழே போய் முங்கியது. "இங்கே பள்ளம் பறிச்சிருக்கு, வேண்டாம்!" மூன்றாவதாக, ஆறு வளையும் இடத்தில் முங்கி எழுந்தது. "இங்கே வாக்கா! மணல் மேடா குவிஞ்சிருக்கு. உன் வயிறு வரைக்கும்தான் தண்ணி வரும். ஆனா பாதிக்கு மேல எப்படி இருக்குன்னு எனக்குத் தெரியல. நான் முன்னால போறேன். நில்லுன்னா நின்னுடு!"

நீர்நாய் முங்கி முங்கிப் போனது. மான் அடிமேல் அடி வைத்துப் பின்னால் போனது. நடுவில் இரண்டு இடத்தில் "நில்லு!" என்றது நீர்நாய். மான் அசையாமல் நின்றது. நீர்நாய் சுற்றி வழி பார்த்துவிட்டு மறுபடி கூப்பிட்டது. திட்டில் நான்கு குளம்பு வைக்க மட்டும் இடம் மிச்சம் இருந்தபோது தாய் போய்ச் சேர்ந்தது. குட்டியை நக்கக்கூட நேரம் இல்லை. அதைத் தங்களுக்கு நடுவில் நீந்தவிட்டு, பார்த்து வைத்த அதே வழியில் மூன்றும் கரைக்கு வந்தன.

"என் யோசனைப்படி போயிருந்தா இன்னும் சீக்கிரமா வந்திருக்கலாம்" என்றது நரி. வெட்கம் என்பது சில ஜென்மங்களுக்கு வைத்துப் படைக்கப்படவே இல்லை.

நீர்நாய் ஆற்றைத் திரும்பிப் பார்த்தது. "தண்ணி இன்னும் ஏறுமா, வடியுமான்னு எனக்குத் தெரியாது. தெரியாததனாலதான் மேட்டுப் பாறைக்குப் போயிடலாம்னு சொல்றேன். நீங்களும் கிளம்புங்க!"

"இந்த மரத்தைத் தாண்டித் தண்ணி வந்ததா சரித்திரமே இல்லை! ஏழு தலைமுறையா எங்களுக்குத் தெரியும்!" என்றது நரி. அதற்குத் தன் தாத்தா யார் என்பதே தெரியாது.

"வராது! வரவே வராது!" என்றது குரங்கு. வாழ்நாளில் முதல்முறையாக இரண்டும் ஒரு விஷயத்தில் ஒத்துப்போயின.

மானும் குட்டியும் நீர்நாயும் பாறைக்குப் போய்விட்டன. உச்சிப்பொழுதில் தண்ணீர் மருத மரத்தடிக்கு வந்தது. நரியின் வால் நனைந்தது. "சும்மா எட்டிப் பாக்குது, இதோ திரும்பிடும்" என்றது. வயிறு நனைந்தது. "இதுதான் கடைசி, இதுக்கு மேல ஏறாது!" என்றது. அடுத்த அலை அதைத் தூக்கிக்கொண்டு போனது.

குரங்கு உச்சிக்கிளைக்குத் தாவி ஏறிக்கொண்டு, "இப்படி ஆகும்னு எனக்கு அப்பவே தெரியும்!" என்று கத்தியது. வெள்ளம் வடிய மூன்று நாள் ஆயிற்று. அதுவரை சுற்றிலும் தண்ணீர். தின்பதற்கு மருத இலைதான்.

நரி மிதந்து வந்த ஒரு கட்டையைப் பிடித்துக்கொண்டு ஆற்றோடு போனது. பாறையிலிருந்து அதைப் பார்த்த நீர்நாய்க்கு மனசு கேட்கவில்லை. கரையோரமாகவே ஓடியது.

"நரியண்ணே! கட்டையை விட்டுட்டு இந்தப் பக்கம் நீந்துங்க! நான் வந்து இழுத்துக்கிறேன்! இந்தத் தண்ணி எங்கே கொண்டுபோய் விடும்னு தெரியாது!"

நரி கட்டைமேல் நிமிர்ந்து உட்கார்ந்தது.

"உனக்குத் தெரியாது! நான் கடலுக்குப் போறேன்! எனக்கு வழி தெரியும்!"

தெரியாததைத் தெரியாது என்று ஒப்புக்கொள்பவன் தேடிப் பார்த்துப் பிழைத்துக்கொள்வான். எல்லாம் தெரியும் என்பவன் தன்னை நம்பி வந்தவரையும் கெடுத்து, தானும் கெட்டுப்போவான்.