ஊமைப் படிகம்

மாணிக்கபுரி அரண்மனைச் சபையில் ஒரு நீலப் படிகம் இருந்தது. அதற்கு ஒரு முழத்துக்குள் எவர் பேசினாலும் சத்தம் வெளியே வராது. இந்த ரகசியம் ராஜாவுக்குத் தெரியாது, திவான் பூபதியாருக்குத் தெரியும். முறையிட வருகிறவர்களை அதன் பக்கத்திலேயே நிறுத்திவிட்டு, "தங்களைக் கண்ட பூரிப்பில் நாக்கு எழவில்லை, மகாராஜா" என்று சமாளித்துவிடுவார்.

காத்தாயி என்ற உழவர் பெண்ணின் ஊர் மதகை அடைத்து, தண்ணீரைத் தன் தோப்புக்குத் திருப்பியிருந்தார் திவான். பயிர் கருகியது. முறையிடப் போன மூன்று பேரும் ஊமையாகத் திரும்பினார்கள். நடந்ததை அவர்களிடம் கேட்டு, கல்லின் சூட்சுமத்தை ஊகித்துக்கொண்டு நான்காவதாகக் காத்தாயி போனாள்.

"முடிந்தால் பேசு" என்று அவளைப் படிகத்தருகே நிறுத்தினார் திவான்.

அவள் வாயே திறக்கவில்லை. படிகத்தை எடுத்துக் கண்ணில் ஒற்றி, பிரசாதம்போலத் திவான் கையில் வைத்தாள். ராஜாவின் பொருள் விழுந்துவிடக் கூடாதே என்று அவர் நெஞ்சோடு அணைத்துக்கொண்டார். காத்தாயி நாலடி தள்ளி நின்றாள்.

"மகாராஜா, எங்கள் மதகை அடைத்தவர் திவான். இல்லையென்றால் அவரே சொல்லட்டும்."

திவான் மறுத்துக் கத்தினார். சத்தம் வரவில்லை. தன் குரல் யாருக்கும் கேட்காது என்பது நினைவுக்கு வந்ததும், ஆத்திரம் தீர அவளைத் திட்டத் தொடங்கினார்.

வாய் அசைந்தும் சத்தம் வராததைக் கண்ட ராஜா, "அந்தக் கல்லை இங்கே கொண்டு வா" என்றார் காவலனிடம்.

திட்டும் வேகத்தில் திவான் கவனிக்காதபோதே காவலன் அதை வாங்கிக்கொண்டு நகர்ந்தான். திவானின் குரல் கணீரென்று எழுந்தது.

"ஆமாண்டி, நான்தான் அடைத்தேன்! இந்த மண்டு ராஜா என்ன செய்துவிடுவான்?"

அன்று மாலை, இடுப்பளவுச் சேற்றில் இறங்கி மதகுப் பலகையைத் தூக்கியவர் பூபதியார்தான்.