ஏறினது ராஜ வேலை, இறங்கினது சொந்த வேலை

சத்தியம், சத்தியம், முக்காலும் சத்தியம்! இதில் ஒரு சொல் பொய்யானாலும் எனக்கு மிச்சமிருக்கிற மூன்று பல்லும் இப்போதே உதிரட்டும்.

ஒரு காலத்தில் ஆலங்கூடல் நாட்டைக் கெம்பீரசிங்கன் என்றொரு ராஜா ஆண்டுவந்தான். தன் நாட்டுக்கு வரும் மழையைத் தனக்கு முன்னால் எவனும் பார்த்துவிடக் கூடாது என்று ஒருநாள் அவனுக்குத் தோன்றிவிட்டது. உடனே ஒன்பது நிலையில் ஒரு மேகமாடம் கட்டச் சொன்னான். மேற்பார்வை, அவன் செல்ல ஆலோசகர் குழைக்காதருக்கு.

கொத்தனார் சுடலைமுத்து ஒன்பதாம் நிலையைப் பூசி முடித்தான். அந்தி முரசு கேட்டதும் சாரத்தில் இறங்கினான். ஏழாம் நிலையில் மூங்கிலைக் கட்டிய கயிறு அறுந்தது. அவ்வளவுதான்.

ராஜ வேலையில் செத்தவன் குடும்பத்துக்கு இரண்டு மா வயல் கொடுப்பது அந்த நாட்டு வழக்கம். உதிரப்பட்டி என்பார்கள். சுடலைமுத்துவின் மனைவி பேராச்சி, அதே கட்டடத்தில் கல் ஏற்றும் கூடைக்கு வடம் இழுப்பவள். பதினாறாம் நாள் காரியம் முடிந்ததும் சபையில் வந்து நின்றாள். வயல் கிடைத்தால் மூன்று பெண்பிள்ளைகளுக்கும் கஞ்சி உண்டு, இல்லாவிட்டால் இல்லை.

குழைக்காதருக்கோ அந்த வயலில் வெற்றிலைக் கொடிக்கால் போட ஆசை. தொண்டையைச் செருமினார்.

"மகாராஜா, பூசுவது ராஜ வேலை. அதற்காக ஏறியதும் ராஜ வேலை. ஆனால் இவன் செத்தது இறங்கும்போது! முரசு அடித்தாயிற்று, வீட்டுக்குப் போகிறான். இறங்குவது அவன் சொந்த வேலை. சொந்த வேலையில் செத்தவனுக்கு ராஜா எதற்கு வயல் கொடுக்கணும்?"

"அடடா! என்ன நுட்பம்!" என்று ராஜா தொடையில் தட்டினான். "வழக்கு தள்ளுபடி!"

பேராச்சி அழவில்லை. "நல்லது மகாராஜா. இந்தத் தீர்ப்பு எல்லாருக்கும் பொதுதானே?"

"எனக்கும் சேர்த்துத்தான்!" என்று மீசையை முறுக்கினான் ராஜா.

"அது போதும்" என்று கும்பிட்டுப் போனாள்.

மறுவாரம் வானம் கறுத்தது. ராஜா மழை பார்க்க ஓடிவந்தான். படிக்கட்டு இன்னும் கட்டவில்லை. கல் ஏற்றும் கூடையில் பட்டு விரித்து உட்கார்ந்தான். தன்னை முந்திக்கொண்டு வேறு யாராவது ராஜாவோடு ஏறிவிடுவார்களோ என்று குழைக்காதரும் முண்டியடித்துக் கூடைக்குள் விழுந்தார். பேராச்சியும் ஆட்களும் வடம் பிடித்தார்கள். கூடை உச்சிக்குப் போனது. ராஜா ஆசைதீர மழை பார்த்தான். நனைந்தான். தும்மினான்.

"போதும், இறக்குங்கள்!"

கீழே எல்லாரும் வடத்தைத் தூணில் கட்டிவிட்டு வெற்றிலை மடித்துக்கொண்டிருந்தார்கள்.

"ஏற்றியது ராஜ வேலை மகாராஜா, முடித்துவிட்டோம்!" என்று பேராச்சி கத்தினாள். "இறங்குவது உங்கள் சொந்த வேலை. அதில் நாங்கள் தலையிடலாமா?"

"உன் தலையை வாங்கிவிடுவேன்!"

"வாங்குங்கள். அதற்குக் கீழே வரணுமே! அதோ சாரம் இருக்கிறது. என் வீட்டுக்காரர் இறங்கிய வழிதான்."

ராஜா எட்டிப் பார்த்தான். ஏழாம் நிலையில் மக்கிப்போன பழங்கயிறு அறுந்தபடியே ஆடிக்கொண்டிருந்தது. புதுக்கயிறு வாங்கியதாகக் கணக்குக் காட்டிய குழைக்காதர் பக்கத்தில்தான் நின்றார்.

"குழைக்காதரே, நீர் முதலில் இறங்கிக் காட்டும்."

ஆலோசகர் தடாலென்று ராஜாவின் காலைக் கட்டிக்கொண்டார். "ஐயோ மகாராஜா! ஏறுவது என்ன பெரிய வேலை? இறங்குவதுதான், மகாராஜா, வேலை! உயிர் போகிற வேலை!"

"இதை அன்றைக்குச் சபையில் சொல்ல உமக்கு வாய் இல்லையா?" என்ற ராஜா கீழே குனிந்து கூவினான்: "பேராச்சி! வீட்டு வாசலை மிதிக்கும்வரை ராஜ வேலைதான்! வயல் உனக்கே!"

"திட்டினது நன்றாகக் கேட்டது, தீர்ப்புதான் காதில் விழவில்லை! முத்திரை மோதிரத்தைப் போடுங்கள், ஓலையில் பதித்துக்கொள்கிறோம்!"

மோதிரம் விழுந்தது. ஓலையில் பதிந்தது. பிறகுதான் கூடை அசைந்தது.

அன்று முதல் குழைக்காதருக்குப் புது உத்தியோகம்: தினம் விடிந்ததும் சாரத்தில் அவர் ஏறி இறங்கிய பிறகே கொத்தனார்கள் ஏறவேண்டும். மறுநாளே நாடு முழுக்கப் புதுக்கயிறு வந்துவிட்டது!

கேட்டது கேட்டதோடு இருக்கட்டும். குழைக்காதர் வம்சத்தார் இன்னும் அங்கங்கே ஆலோசனை சொல்லிக்கொண்டுதான் இருக்கிறார்கள். யார் சொன்னது என்று கேட்டால், காற்றுவாக்கில் வந்தது என்று சொல்லுங்கள். என் பேரை மட்டும் எடுத்துவிடாதீர்கள், புண்ணியமாய்ப் போகும்.