அடும்பு இலை பிளந்த நாள்

அந்தக் காலத்தில் கொடிக்கும் வாய் இருந்தது, கடலுக்கும் வாய் இருந்தது. யார் என்ன சொன்னாலும் மனுஷர் காதில் விழும். கேட்டு நடந்தார்களா என்பது வேறு விஷயம்.

தெற்குக் கரையோரம் ஒரு மீன்பிடிக் குப்பம். முன்னால் கடல், பின்னால் உடைமரக் காடு. கடலுக்கும் குடிசைகளுக்கும் நடுவில் பனை உயரத்துக்கு ஒரு மணல்மேடு. மேடு முழுக்க அடும்புக் கொடி படர்ந்து கிடக்கும். அப்போதெல்லாம் அடும்பு இலை வெற்றிலை மாதிரி முழுசாக இருக்கும். கொடிக்கு ஒரே ஒரு வேர்தான். மேட்டின் நடுவில் அதை ஆழமாக இறக்கிவிட்டு நாலு பக்கமும் ஓடும், ஊதா நிறத்தில் பூக்கும்.

பொழுது சாயும்போது கடல் மேட்டின் காலடிக்கு வந்து நின்று கேட்கும், "உள்ள வரட்டா?"

"வேணாம், போ" என்று அடும்பு சொல்லும். கடல் திரும்பிப் போய்விடும். கடல் முரடுதான், ஆனாலும் கேட்காமல் நுழையாது.

மேட்டுக்கு இந்தப் பக்கம், குடிசைகளை ஒட்டியே ஊற்று இருந்தது. கையால் மணலைத் தோண்டினால் போதும், தண்ணீர் சுரக்கும். சிரட்டையால் மொண்டு குடத்தை நிரப்பிக்கொள்வார்கள். அந்தத் தண்ணீர் அவ்வளவு ருசி! உப்புக் கடலுக்கு இத்தனை பக்கத்தில் நல்ல தண்ணீர் எங்கிருந்து வருகிறது என்று அந்த ஊரில் ஒருத்தரும் கேட்டதில்லை. பெய்கிற மழையையெல்லாம் மேடுதான் குடித்து வைத்துக்கொண்டு, கொஞ்சம் கொஞ்சமாக விட்டுக்கொடுத்தது. சும்மா கிடைப்பதை யார் விசாரிக்கிறார்கள்?

அந்த ஊரில் பூமயில் என்று ஒருத்தி. புருஷன் நம்புராசன், நல்ல கடலோடி. ஒரே பிள்ளை சாத்தையா. ஓடியாடுகிற வயசுதான், ஆனால் பிறந்ததிலிருந்தே அவனுக்குக் காலில் பலமில்லை. கையை ஊன்றித் தவழ்ந்துதான் போவான். மற்றப் பிள்ளைகள் அவனை விட்டுவிட்டு ஓடிவிடும். அவனுக்கு இருந்த ஒரே கூட்டாளி அடும்புதான். கொடியோரமாகவே தவழ்ந்து போய், "நீயும் என்னைய மாதிரித்தானா?" என்று கேட்பான்.

"நானும் தவழுறவதான் ராசா. எந்திரிச்சு நின்னவுக மட்டும் என்னத்தக் கண்டாக?" என்று சொல்லி, அது ஒரு பூவை அவன் தலையில் உதிர்க்கும்.

பூமயிலுக்கு நெஞ்சுக்குள் ஒரு பயம் இருந்தது. அவளுடைய அப்பன் கடலில் செத்தவன். பிணம் கரை சேர்ந்தபோது ஊரே பார்த்துவிட்டது, மகளுக்குத்தான் கடைசியில் தெரிந்தது. அந்த நேரத்தில் அவள் மேட்டுக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்து, மீன் அறுத்துக்கொண்டு, எதற்கோ சிரித்துக்கொண்டிருந்தாள். அந்தச் சிரிப்புக்காக அவள் தன்னை மன்னிக்கவே இல்லை.

வள்ளங்கள் திரும்புகிற நேரத்தில் மற்றப் பெண்கள் மேட்டின் மேல் ஏறி நின்று, அவரவர் வீட்டுப் பாய் தெரிகிறதா என்று பார்ப்பார்கள். பூமயிலால் முடியாது. பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஏறினால் மணல் காலை உள்ளே இழுக்கும். விட்டுவிட்டு ஏறவோ மனசு வராது, ஒரு நிமிஷம் அவனைத் தனியாக விட மாட்டாள். அதனால் அடியிலேயே நின்றுகொண்டு பக்கத்து வீட்டு உடையாளைக் கூவுவாள்.

"உடையா! எங்க பாய் தெரியுதாடி?"

"தெரிஞ்சா சொல்ல மாட்டேனா? சும்மா கெட!"

ஒருநாள் நம்புராசனுக்கு நேரமாகிவிட்டது. எல்லா வள்ளமும் வந்தாயிற்று, அவனைக் காணோம். அன்றைக்கு அவள் பட்ட பாட்டை எதிரிக்கும் கொடுக்கக் கூடாது. கடைசியில் அவன் நல்லபடியாகத்தான் வந்து சேர்ந்தான். வலை பாறையில் மாட்டிக்கொண்டதாம், அவ்வளவுதான். ஆனால் மறுநாள் விடிந்ததும் அவள் பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு, மண்வெட்டியைத் தூக்கிக்கொண்டு மேட்டடிக்குப் போனாள்.

"ஏ அடும்பு, கொஞ்சம் வெலகிக்க. என் வீட்டுக்கு நேரா இருக்குற மேட்ட வெட்டி எறக்கப் போறேன். பிள்ளைய மடியில வச்சுக்கிட்டு, வாசல்ல இருந்தபடியே நான் கடலப் பாக்கணும்."

"ஆத்தாடி!" என்று அடும்பு பதறியது. "அந்த எடத்துலதான் என் வேரு இருக்கு பூமயிலு. அதை எடுத்துட்டா மணலப் பிடிக்க ஆளு இல்ல."

"கடக்கரையில மணலுக்கா பஞ்சம்?"

"மணல மட்டுமா பிடிச்சிருக்கேன்? நீ குடிக்கிற தண்ணியப் பிடிச்சிருக்கேன். அந்தா நிக்கிற கடலுக்குப் பதில் சொல்றவளும் நான்தான். நீ கடலப் பாக்குற வழியில கடலும் ஒன்னையப் பாக்கும். நல்லா யோசிச்சுக்க."

"ஒனக்கு என்ன தெரியும்? கட்டுனவனைக் கடலுக்கு அனுப்பிட்டு நீ என்னைக்காச்சும் காத்துக் கெடந்திருக்கியா?"

அவள் பிள்ளையைக் கீழே இறக்கிவிட்டு மண்வெட்டியை ஓங்கினாள்.

சத்தம் கேட்டு ஊர் கூடியது. யாராவது தடுப்பார்கள் என்றுதானே நினைப்பீர்கள்? அதுதான் இல்லை. ஆம்பிளைகளுக்கு இது அவளைவிடப் பிடித்துப்போயிற்று. மேட்டைச் சுற்றி வள்ளத்தை இழுத்து இழுத்துத் தோள் கழன்றுபோனவர்கள், இனி நேராக வீட்டு வாசலுக்கே இழுத்துவிடலாம் என்று குதித்தார்கள். நம்புராசன் ஒருத்தன்தான் தயங்கினான்.

"வேணாம் புள்ள. எங்க அப்பன் பாட்டன் காலத்துல யாரும் இதுல கை வச்சதில்ல."

"ஒங்க அப்பன் பாட்டனுக்கு வாக்கப்பட்டவளுக எல்லாம் இங்ஙனயே நின்னு அழுதுட்டுப் போயிட்டாளுக மச்சான். நானும் அப்படியே போகணுமா?"

அவன் வாயை மூடிக்கொண்டான். அன்றைக்கு அவன் மூடாமல் இருந்திருக்கலாம்.

வேர் லேசில் வரவில்லை. மண்வெட்டி தோற்றது, கடப்பாரை தோற்றது. கடைசியில் வள்ளம் இழுக்கிற வடத்தை வேரில் கட்டி, வள்ளத்துக்குப் பாடுகிற அதே பாட்டைப் பாடி, ஊரே சேர்ந்து இழுத்தது. பூமயிலும் இழுத்தாள். கீழே மணலில் கிடந்த சாத்தையா வீறிட்டான். "அதுக்கு வலிக்குதும்மா! விட்டுரச் சொல்லும்மா!" பாட்டுச் சத்தத்தில் யார் காதில் அது விழும்? வேர் பிடுங்கிக்கொண்டு வந்தது. எல்லோரும் மல்லாக்க விழுந்து சிரித்தார்கள்.

மேடு இறங்கியது, கடல் தெரிந்தது. அன்று சாயங்காலம் பூமயில் பிள்ளையை மடியில் போட்டுக்கொண்டு வாசலில் உட்கார்ந்தாள். தூரத்தில் நம்புராசனின் பாய் புள்ளியாகத் தெரிந்து, பெரிதாகி, கரைக்கு வந்து சேரும்வரை கண் கொட்டாமல் பார்த்தாள். அப்பன் செத்த நாளுக்குப் பிறகு அவள் இவ்வளவு சந்தோஷமாக இருந்ததே இல்லை.

அந்தச் சந்தோஷம் கொஞ்ச நாள்தான். முதலில் சோற்றில் மணல் கடித்தது. காற்று அடிக்கிறபோதெல்லாம் வெட்டின இடத்திலிருந்து மணல் கிளம்பிக் கூரையிலும் பாயிலும் உலையிலும் கொட்டியது. வெட்டினது ஒரு வீட்டு அகலம்தான். பிடிப்பு இல்லாததால் இரண்டு பக்கமும் அதுவே சரிந்து சரிந்து அகலமாகிக்கொண்டு போயிற்று. வேரில்லாத கொடி வாடிக் காய்ந்தது. ஓரத்தில் மட்டும் கொஞ்சம், பிய்ந்த கணுவை மணலில் அழுத்திக்கொண்டு, எப்படியோ உயிரைப் பிடித்துவைத்திருந்தது.

கடல் வழக்கம்போல வந்து, "உள்ள வரட்டா?" என்று கேட்டது. பதில் சொல்ல நடுவில் ஆள் இல்லை. ஓரத்துக் கொடியின் குரல் அவ்வளவு தூரம் எட்டவில்லை. கடல் ஒரு சாண் உள்ளே கால் வைத்துப் பார்த்தது. யாரும் ஒன்றும் சொல்லவில்லை.

ஒருநாள் காலையில் ஊற்றுத் தண்ணீரை வாயில் வைத்த உடையாள் தூ என்று துப்பினாள். "என்னடி இது, கரிக்குது!" இன்னும் ஆழமாகத் தோண்டிப் பார்த்தார்கள். இன்னும் அதிகமாகக் கரித்தது. நல்ல தண்ணீரைப் பிடித்து வைத்திருந்த மேடு இளைத்துப்போனதும், அந்த இடத்துக்கு உப்புத் தண்ணீர் வந்துவிட்டது. அப்புறம் என்ன, பெண்கள் குடத்தை எடுத்துக்கொண்டு உடைமரக் காட்டுக்கு அந்தப் பக்கம் இருக்கிற ஊருணிக்கு நடந்தார்கள். போக ஒரு பொழுது, வர ஒரு பொழுது.

பூமயிலும் போகத்தான் வேண்டும். தலையில் குடம், இடுப்பில் குடம். பிள்ளையை எங்கே வைப்பாள்? வீட்டில் விட்டால் திறந்து கிடக்கிற வழியில் நேராகக் கடலுக்குத் தவழ்கிறான். முன்பு அவனை மறித்துக்கொள்ள மேடு இருந்தது. அதனால் பழைய சேலையைக் கிழித்து, ஒரு முனையை அவன் இடுப்பிலும் மறுமுனையை வாசல் கம்பத்திலும் கட்டிவிட்டுப் போனாள். பிள்ளையைத் தனியாக விடக் கூடாது என்றுதான் மேட்டை வெட்டினாள். இப்போது கட்டிப்போட்டுவிட்டுப் போகிறாள். போகிற வழியெல்லாம் அழுதாள், அழுதாலும் தண்ணீர் வேண்டுமே.

வாடைக்காற்றுக் காலம் வந்தது. ஒருநாள் மதியம், நல்ல வெளிச்சத்திலேயே, வானம் கறுத்தது. கடலுக்குப் போனவர்கள் தூரத்தில் இருந்த ஒரு தீவுக்குப் பின்னால் ஒதுங்கிக்கொண்டார்கள். பெண்கள் ஊருணிக்கரையில் நின்றார்கள். ஊரில் இருந்தவர்கள் காற்றின் போக்கைப் பார்த்ததும் காட்டுப் பக்கம் ஓடினார்கள். கட்டிப்போட்ட பிள்ளை ஒன்று இருப்பது அந்த ஓட்டத்தில் ஒருத்தருக்கும் நினைவில் இல்லை.

கடல் வந்து நின்று கேட்டது, "உள்ள வரட்டா?"

பதில் இல்லை. மறுபடி கேட்டது. "வேணாம்! பிள்ள இருக்கான்! வராத!" என்று ஓரத்துக் கொடி உள்ளதெல்லாம் சேர்த்துக் கத்தியது. அந்தக் காற்றில் அது யாருக்குக் கேட்கும்? கடல் உள்ளே வந்துவிட்டது.

பூமயில் குடத்தைப் போட்டுவிட்டு முள்ளில் விழுந்து எழுந்து ஓடி வந்தபோது வீடு இருந்த இடத்தில் தண்ணீர் நின்றது. கம்பமும் இல்லை, கூரையும் இல்லை. "சாத்தையா! எய்யா சாத்தையா!" என்று கத்திக்கொண்டு இடுப்பளவு தண்ணீரில் தேடினாள்.

அவன் மேட்டின் ஓரத்தில் கிடந்தான். திரும்பிப் போன கடல் அவனையும் இழுத்திருக்கிறது. கொடி அவன் மணிக்கட்டிலும் இடுப்புத் துணியிலும் சுற்றிக்கொண்டு விடவில்லை. கடல் ஒரு பக்கம் இழுக்க, கொடி மறுபக்கம் இழுக்க, அதன் இலை ஒவ்வொன்றும் நுனியிலிருந்து பாதிவரை கிழிந்துபோயிருந்தது. பிள்ளையைக் கடலுக்குக் கொடுக்காமல் காப்பாற்றி வைத்திருந்தது, உயிரைத்தான் காப்பாற்ற முடியவில்லை.

மறுநாள் காலையில் காற்று அடங்கியது. பூமயில் பிள்ளையை மடியில் போட்டுக்கொண்டு, வாசல் இருந்த இடத்தில் உட்கார்ந்திருந்தாள். அவள் ஆசைப்பட்டபடியே, உட்கார்ந்த இடத்திலிருந்தே நம்புராசனின் பாய் தெரிந்தது. புள்ளியாகத் தெரிந்து, பெரிதாகி, கரைக்கு வந்தது. வள்ளம் வீட்டு வாசலுக்கே வந்து நின்றது.

"எங்க புள்ள வீடு? பய எங்க?" என்று கேட்டுக்கொண்டே இறங்கினவன், அவள் மடியைப் பார்த்துவிட்டு அப்படியே தண்ணீரில் உட்கார்ந்துவிட்டான்.

பிள்ளையை அடக்கம் செய்த பிறகு அவள் ஓரத்துக் கொடியிடம் போனாள். கிழிந்த இலையைக் கையில் எடுத்து வைத்துக்கொண்டு அழுதாள்.

"எனக்கு ஏன் நீ சொல்லல? அழுத்திச் சொல்லியிருக்கக் கூடாதா?"

"சொன்னேனே" என்றது அடும்பு.

அதுதான் அது பேசின கடைசிப் பேச்சு. அப்புறம் அவள் எவ்வளவு கெஞ்சியும் அது வாய் திறக்கவில்லை.

பிள்ளையைக் கட்டின சேலைத் துணியில் பூமயில் மணலை அள்ளினாள். கொண்டுபோய் வெட்டின இடத்தில் கொட்டினாள். கொடியை ஒடித்து ஒடித்து, கணு மணலில் புதையும்படி நட்டாள். சாப்பிடு என்றாலும் கேட்கவில்லை, நிறுத்து என்றாலும் கேட்கவில்லை. கொஞ்ச நாள் பார்த்துக்கொண்டிருந்த உடையாள் தன் மடியிலும் மணல் அள்ளிக்கொண்டு வந்தாள். பிறகு மற்றவர்களும் வந்தார்கள். ஆம்பிளைகள் பழையபடி மேட்டைச் சுற்றியே வள்ளத்தை இழுத்தார்கள். தோள் வலிக்கிறது என்று அதற்குப் பிறகு ஒருத்தனும் சொல்லவில்லை. மேடு எழும்புவதற்குள் பூமயிலுக்குத் தலை நரைத்துவிட்டது. ஊற்று இனிக்கிறது என்று உடையாள் ஒரு சிரட்டைத் தண்ணீரைக் கொண்டுவந்து நீட்டியபோது, அவள் அதை வாங்கிக் குடிக்கவில்லை. கொடியின் தூரில் ஊற்றிவிட்டாள்.

பிள்ளைக்காகக் கடலோடு மல்லுக்கட்டிய அன்று முதல்தான் அடும்பு இலை நடுவில் பிளந்தே துளிர்க்கிறது, ஒரே வேரை நம்பாமல் கணுவுக்குக் கணு வேர் விடுகிறது. அந்தக் கரைப் பெண்களும் வள்ளம் வருகிறதா என்று பார்க்க மேட்டில் ஏறினால், மடியில் கொண்டுவந்த ஒரு பிடி மணலைக் கொட்டிவிட்டுத்தான் கடலை நிமிர்ந்து பார்க்கிறார்கள்.